தங்கை ஆடினாள், அக்காள் கணக்குத் தீர்த்தாள்

பேசாத படங்களின் பெண்கள் – 17

போன வாரம், கண்ணாடி முன்னால் நின்றுகொண்டிருந்த ஓர் அக்காளோடு நிறுத்தியிருந்தோம். 1912-இல் டி. டபிள்யூ. கிரிஃபித் பயோகிராஃப் கம்பெனிக்கு எடுத்துக் கொடுத்த ‘தி பெயின்டட் லேடி’ என்ற ஒரு ரீல் படம் அது. முகத்தில் பவுடர் பூசுவதே பாவம் என்று நம்பும் அப்பா. அவர் சொல்லைத் தட்டாத மூத்தவள். பூசிக்கொண்டு போய் ஊர் விருந்தில் எல்லாக் கண்ணையும் இழுத்துக்கொள்ளும் இளையவள். மூத்தவளைத் தேடி வந்த ஒரே ஆண்பிள்ளை திருடனாகப் போய்விடுகிறான். இருட்டில் வீட்டுக்குள் நுழைந்தவன் இன்னார் என்று தெரியாமல் அவளே அவனைச் சுட்டும்விடுகிறாள்.

புத்தி பேதலித்த பிறகு, இல்லாத காதலனைப் பார்க்கத் தினமும் அதே இடத்துக்குப் போகிறாள். கடைசியில் வாழ்நாளில் முதல்முறையாக உதட்டுக்குச் சாயம் பூசிக்கொண்டு செத்துப்போகிறாள். அந்த வேடத்தில் நடித்தபோது பிளாஞ்ச் ஸ்வீட்டுக்கு வயது 16.

அந்தக் கதையில் தராசு அப்பா கையில் இருந்தது. பதினான்கு வருஷம் கழித்து அதே அக்காள் தங்கை மறுபடி திரைக்கு வருகிறார்கள். இந்த முறை அப்பா இல்லை. தராசைப் பிடித்திருப்பது யார்?

*

1926-ஆம் வருஷத் தொடக்கத்தில் நியூயார்க்கின் பிராட்வேயில் ஒரு நாடகம் ஏறியது. எழுதியவர்கள் ஜார்ஜ் அபட், ஜான் வீவர் என்ற இருவர். தலைப்பு ‘லவ் எம் அண்ட் லீவ் எம்’. காதலி, கைகழுவு என்று வைத்துக்கொள்ளலாம். அதே வருஷம் டிசம்பரில் அது பாரமவுண்ட் படமாக வெளிவந்துவிட்டது. இயக்கியவர் ஃபிராங்க் டட்டில். படம் பிடித்தது ஹாலிவுட்டில் அல்ல, நியூயார்க்கிலேயே ஆற்றுக்கு அக்கரையில் இருந்த ஆஸ்டோரியா ஸ்டுடியோவில். பகலில் அங்கே காமிரா முன்னால் நின்றுவிட்டு ராத்திரி மேடைக்கு ஓடிய நடிகர்கள் அந்தக் காலத்தில் உண்டு. ஆகவே இந்தப் படம் தான் காட்டும் ஊரிலேயே பிறந்த படம். கடையில் சாமான் விற்று, விடுதி அறையில் படுத்து, சனிக்கிழமை ராத்திரிக்காக வாரம் முழுக்கக் காத்திருந்த பெண்களின் ஊர் அது.

கதை சின்னது. மேம் வால்ஷ், ஜேனி வால்ஷ் என்ற சகோதரிகள் ஜின்ஸ்பர்க் என்ற பெரிய துணிக்கடையில் வேலை செய்கிறார்கள். ஒரே விடுதியில் தங்கியிருக்கிறார்கள். தங்கையைக் கண்பார்த்துக்கொள்ளும் பொறுப்பு மேம் தலையில். அவளுக்கு பில் என்ற சக ஊழியன்மேல் ஆசை, அவனுக்கும் அவள்மேல். மேம் விடுமுறையில் போயிருந்த சமயம் ஜேனி அவனை வளைத்துப் போட்டுக்கொள்கிறாள். திரும்பி வந்த மேம் கண்ணீரை விழுங்கிக்கொண்டு, அதுவரை ஆண்களுக்கே பட்டா போட்டுக் கொடுத்திருந்த அந்தத் தலைப்பு வாசகத்தைத் தன் கொள்கையாக அறிவித்துக்கொள்கிறாள். அதற்குள் ஜேனி இன்னொரு வினையை இழுத்து வைத்திருக்கிறாள். ஊழியர் நலச் சங்கத்தின் பணம் அவள் பொறுப்பில் இருந்தது. அதை, அதே விடுதியில் இருக்கும் லெம் என்பவன் மூலம் குதிரைமேல் கட்டித் தொலைத்துவிடுகிறாள். கணக்குக் காட்டவேண்டிய நாள் நெருங்குகிறது.

*

இந்தப் படத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே வாய்ப்பாட்டைச் சொல்வார்கள்: மேம் பழைய உலகம், ஜேனி புதிய உலகம், ஒருத்தி கடமை, ஒருத்தி களியாட்டம். மூதேவி, சீதேவி கதை கேட்டு வளர்ந்த நமக்கும் அக்காள் தங்கையை இப்படிப் பிரித்து வைப்பது சுலபம். ஆனால் படம் அப்படிப் பிரித்து வைக்கவில்லை என்பது என் வாதம். மேமும் புதிய உலகத்துப் பெண்தான். அவளும் சம்பளக்காரி, அவள் தலைக்குமேலும் அப்பனோ அண்ணனோ இல்லை, ஓட்டுரிமை கிடைத்து ஆறு வருஷம் ஆன நாட்டில் தன் வாடகையைத் தானே கட்டுகிறவள். இரண்டு பேரும் நிற்பது ஒரே படியில். படம் கேட்கும் கேள்வி யார் நல்லவள் என்பதல்ல. ஒருத்தி இஷ்டப்படி இருந்தால், அதற்கான செலவு யார் கணக்கில் ஏறுகிறது என்பதுதான்.

இந்தக் கேள்வி படத்தோடு பிறந்ததும் அல்ல. 1900-இல் தியோடர் டிரைசர் எழுதிய ‘சிஸ்டர் கேரி’ நாவலில் இரண்டு சகோதரிகள் உண்டு. கிராமத்திலிருந்து சிகாகோவுக்கு வரும் கேரி, கல்யாணமான அக்காள் மின்னியின் வீட்டில் தங்குகிறாள். செருப்புத் தொழிற்சாலையில் அவளுக்கு வாரச் சம்பளம் 4 டாலர் 50 சென்ட். அதில் 4 டாலரைச் சாப்பாட்டுக்கும் இடத்துக்கும் என்று அக்காளிடம் கொடுத்துவிடவேண்டும். மிச்சம் 50 சென்ட். டிராம் காசு, கிழிந்த செருப்பு, வரப்போகும் குளிருக்கு ஒரு மேலங்கி எல்லாம் அதற்குள். அப்படி இருக்கும்போது ஒருவன் அவள் கையில் இரண்டு பத்து டாலர் நோட்டுகளை வைக்கிறான். கேரி அக்காள் வீட்டை விட்டுப் போவது அந்த இரண்டு நோட்டுகளின் வழியாகத்தான். டிரைசர் ஒழுக்கத்தைப் பற்றி நீளமாக விவாதிப்பார், அது கொஞ்சம் அலுப்பூட்டவும் செய்யும். ஆனால் அந்த 50 சென்ட் கணக்கு அவருடைய விவாதங்கள் எல்லாவற்றையும்விடத் தெளிவாகப் பேசிவிடுகிறது.

டிரைசர் கதையாகப் போட்ட கணக்கை 1918-இல் அமெரிக்க நாடாளுமன்றம் சட்டமாகவே போட்டது. தலைநகர் வாஷிங்டனில் வேலை செய்யும் பெண்களுக்கு, உடல்நலம் கெடாமலும் ஒழுக்கம் கெடாமலும் வாழப் போதுமான குறைந்தபட்சக் கூலியை ஒரு வாரியம் நிர்ணயிக்கவேண்டும் என்றது அந்தச் சட்டம். உடல்நலத்தையும் ஒழுக்கத்தையும் ஒரே வாக்கியத்தில் கூலியோடு முடிச்சுப் போட்டார்கள். வாரியமும் கணக்குப் பார்த்தது: சாப்பாடு பரிமாறும் பெண்ணுக்கு வாரம் 16 டாலர் 50 சென்ட், அச்சகத்தில் வேலை செய்கிறவளுக்கு 15 டாலர் 50 சென்ட், சலவைத் தொழிலில் புதிதாகச் சேர்ந்தவளுக்கு 9 டாலர். எதிர்த்து நீதிமன்றம் போனவர்களில் ஒரு ஓட்டலில் லிஃப்ட் இயக்கிய 21 வயதுப் பெண்ணும் உண்டு. மாதம் 35 டாலரும் தினம் இரண்டு வேளைச் சாப்பாடும் அவளுக்குச் சம்பளம். அவ்வளவு குறைவாகக் கொடுக்கக்கூடாது என்று சட்டம் சொன்னதால் வேலையே போய்விட்டது.

1923-இல் உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு மூன்று என்ற கணக்கில் சட்டத்தைத் தூக்கி எறிந்தது. தீர்ப்பை எழுதிய நீதிபதி ஜார்ஜ் சதர்லேண்ட் வாரியத்தின் எண்களைக் கையில் எடுத்துக்கொண்டு கேலியே செய்தார். பரிமாறுகிறவளுக்கு உயிர்வாழ 16 டாலர் 50 சென்ட் வேண்டுமென்றால், அதே பெண் சலவைக்குப் போனால் மட்டும் அதைவிடக் குறைவாக எப்படிப் பிழைப்பாள் என்று கேட்டார். நல்ல சம்பளம் வாங்குகிறவள் ஒழுக்கத்தை அதிகம் காப்பாற்றிக்கொள்கிறாள் என்று காட்ட முடியாது என்றார். பெண்களுக்கு ஓட்டு வந்துவிட்டது, ஆணுக்குச் சமமாகிவிட்டார்கள், பிறகு தனிப் பாதுகாப்பு எதற்கு என்பது அவர் வாதத்தின் இன்னொரு கால். ஓட்டைக் கொடுத்துக் கூலியை எடுத்துக்கொள்வது என்று இதைச் சொன்னால் நீதிபதிக்குக் கோபம் வந்திருக்கும். ஆனால் நடந்தது அதுதான்.

இங்கேதான் என் வாதத்துக்கு முதல் ஆட்சேபம் எழுகிறது, அது லேசானதும் அல்ல. ‘லவ் எம் அண்ட் லீவ் எம்’ படம் நீதிபதியின் பக்கம் அல்லவா நிற்கிறது? ஒரே கடை, ஒரே விடுதி, ஒரே ரத்தம். ஒருத்தி கட்டுசெட்டாக இருக்கிறாள், இன்னொருத்தி சங்கப் பணத்தைச் சூதில் வைக்கிறாள். அப்படியானால் வழி பிரிவதற்குக் காரணம் குணமே தவிர கூலி இல்லை என்றுதானே ஆகிறது? மேலோட்டமாகப் பார்த்தால் ஆமாம். ஆனால் ஜேனி தொலைத்த பணம் என்ன ஆகிறது என்று பின்தொடர்ந்து பாருங்கள். அது அவள் சம்பளத்திலிருந்து ஈடாகவில்லை, ஈடாகவும் முடியாது. அவள் வேலையோ மானமோ போய் ஈடாகவில்லை. மேம் போய் மீட்டுக்கொண்டு வருகிறாள். காதலன் போனதும் மேமின் நஷ்டம், பணத்தை மீட்கும் பாடும் மேமுடையது. பற்றாக்குறை எங்கேயும் போய்விடவில்லை, அக்காளின் பேரேட்டுக்கு மாற்றி எழுதப்பட்டிருக்கிறது. இருவரையும் தனித்தனி ஆளாக எண்ணினால் நீதிபதி சொன்னது சரிபோல் தெரியும். ஒரு குடும்பமாக எண்ணினால், ஒருத்தியின் கவலையின்மைக்கு இன்னொருத்தி கட்டும் மாதத் தவணை தெரியும்.

*

படத்தின் தீர்மானமான ராத்திரிக்கு வருவோம்.

கடை ஊழியர்களின் கொண்டாட்டம். விளக்கு, வாத்தியம், கூட்டம். நடுவில் ஜேனி சார்ல்ஸ்டன் ஆடுகிறாள். அந்த ஆட்டத்தில் முழங்கால் உள்ளே மடிந்து வெளியே விரியும், கால் நுனி தரையைத் தட்டித் தட்டித் துள்ளும், கைகள் எதிர்ப்பக்கம் வீசும். நெற்றியில் நேராகக் கத்தரித்த கறுப்பு முடி, காதோரம் கத்தி முனைபோல் வளைந்து நிற்கும் கிராப். முகத்தில் ஒரு கவலை ரேகை கிடையாது. எண்ணிக்கொடுக்கவேண்டிய பணம் கையில் இல்லை என்பதைக் கால்களுக்கு யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது.

அதே ராத்திரி, விடுதியில், லெம்மின் அறையில் மேம். முதலில் சிரிப்பு, குழைவு, ஆசை காட்டல். கொள்கை என்று அவள் அறிவித்த ‘காதலி, கைகழுவு’ வித்தை இப்போது நிஜமாகவே கருவியாகிறது. அது ஒரு கட்டத்துக்குமேல் செல்லுபடியாகாதபோது கைகலப்பு. இழுபறி, தள்ளுமுள்ளு, கலைந்த தலை. பெண்ணைக் காப்பாற்ற நாயகன் ஓடிவரும் காட்சிகளால் அந்தக் காலத்துப் படங்கள் நிரம்பியிருந்தன. இங்கே ஒரு கடைப்பெண் வாடகை அறை ஒன்றில் பணத்துக்காகத் தன் கையால் சண்டை போடுகிறாள். லெம்மாக நடித்தவர் ஆஸ்குட் பெர்கின்ஸ் என்ற மேடை நடிகர். பிற்காலத்தில் ‘சைக்கோ’ படத்தில் நடித்த ஆன்டனி பெர்கின்ஸின் அப்பா.

ஒருத்தியின் உடம்பு ஆட்டத்துக்கு, இன்னொருத்தியின் உடம்பு அடிதடிக்கு. இந்த இரண்டு காட்சிகளும் ஒரே ராத்திரிக்குள் அடுத்தடுத்து நிற்பதுதான் படத்தின் மொத்த வாதம். இதில் ஓர் அட்டை வசனமும் தேவையில்லை. ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கும்போது, அதற்கான ரசீது வேறோர் அறையில் எழுதப்படுகிறது என்பது நமக்குத் தெரிந்துவிடுகிறது. தெரிந்த பிறகும் ஜேனியை வெறுக்க முடியவில்லை என்பதுதான் சங்கடம்.

*

கடைசியில் ஜேனிக்கு ஒன்றும் ஆவதில்லை. ஜெயில் இல்லை, நோய் இல்லை, ஆற்றில் விழுந்து சாவதும் இல்லை. மேமுக்கு பில் திரும்பக் கிடைக்கிறான். (அப்படி ஒன்றும் பெரிய பரிசு இல்லை.) இது நகைச்சுவை கலந்த படம், நகைச்சுவையில் தண்டனை எதிர்பார்ப்பது அபத்தம், இதை வைத்துச் சமூகக் கணக்குப் போடலாமா என்று ஒருவர் கேட்கலாம். கேள்வி நியாயம். ஆனால் எதைச் சிரிப்பாக்கலாம் என்பதற்கும் காலம் உண்டு. சாயம் பூசிய உதட்டையே 1912-இல் கிரிஃபித் மரணத்தோடு முடிச்சுப் போடவேண்டியிருந்தது. 1926-இல் ஒருத்தி அக்காளின் காதலனை எடுத்துக்கொண்டு, பொதுப்பணத்தைத் தொலைத்து, மேடையேறி ஆடிவிட்டுப் போகலாம், அரங்கம் சிரிக்கும். ஹாலிவுட்டின் நன்னடத்தையைப் பார்த்துக்கொள்ள 1922-இலேயே வில் ஹேஸ் தலைமையில் ஓர் அலுவலகம் வந்துவிட்டது என்றாலும், முழுமையான தணிக்கை விதிகள் எழுத்தில் வந்தது 1930-இல்தான். அவை கடுமையாக அமலானது 1934-இல். நடுவில் இருந்த அந்தச் சந்தில் ஜேனி நழுவிப் போய்விட்டாள். தண்டனை இல்லாததால்தான் செலவுக் கணக்கு பளிச்சென்று தெரிகிறது. தண்டித்திருந்தால் ‘செய்தாள், அனுபவித்தாள்’ என்று கணக்கை மூடிவிட்டு எழுந்து போயிருப்போம்.

ஒரே ஒரு படத்தை வைத்து இவ்வளவு சொல்வது சரியா என்பது அடுத்த ஆட்சேபம். இதற்குப் பதிலை பாரமவுண்டே கொடுத்துவிட்டது. மூன்றே வருஷத்தில், 1929 அக்டோபரில், அதே கதையைப் பேசும் படமாக ‘தி சாட்டர்டே நைட் கிட்’ என்ற பெயரில் மறுபடி எடுத்து வெளியிட்டது. அக்காள் வேடம் கிளாரா போவுக்கு, தங்கை வேடம் ஜீன் ஆர்தருக்கு. இதில் வேடிக்கை, தங்கையாக நடித்த ஆர்தர் அக்காளாக நடித்த போவைவிட ஐந்து வயது மூத்தவர். போவ் யார்? 1927-இல் ‘இட்’ படத்தில் முதலாளியையே வளைத்துப்போடும் கடைப்பெண்ணாக வந்து ஊரையே ஆட்டிவைத்தவர். நியாயமாகப் பார்த்தால் ஜேனி வேடம் அவருக்குத்தான் தைத்த சட்டை. ஆட்டக்காரியின் அடையாளமான நட்சத்திரமே இப்போது கடன் தீர்க்கும் அக்காளாக நிற்கிறார். ஆடிய பெண்ணுக்கும் ஒரு நாள் அக்காள் வயது வந்துவிடுகிறது என்று ஸ்டுடியோ நினைத்ததோ, தன் பெரிய நட்சத்திரத்துக்குப் பார்வையாளரின் அனுதாபம் போகவேண்டும் என்று நினைத்ததோ, இரண்டில் எதுவானாலும் கதையின் கனம் இருந்த இடத்தை அது சரியாகவே கண்டுகொண்டது. படம் வெளியான அதே மாதக் கடைசியில் நியூயார்க் பங்குச் சந்தை நொறுங்கி விழுந்தது. அதற்குப் பிறகு கடைப்பெண்ணின் கணக்கில் ஆட்டத்துக்கு ஒதுக்க மிச்சம் இருக்கவில்லை.

ஆனால் 1926 படத்தைப் பார்த்த கண்கள் அப்படிக் கண்டுகொள்ளவில்லை. விளம்பரத்தில் முதல் பெயர் மேமாக நடித்த ஈவ்லின் பிரெண்ட்டுடையது. அடுத்த வருஷமே ஜோசஃப் வான் ஸ்டெர்ன்பெர்க்கின் ‘அண்டர்வேர்ல்ட்’ படத்தில் பேர் வாங்கப்போகிற நல்ல நடிகை அவர். இந்தப் படத்திலும் பாரம் முழுவதையும் சுமந்தவர் அவர்தான். நினைவில் நின்றவர் தங்கை. கன்சாஸ் மாநிலத்தில் பிறந்து, டெனிஷான் நடனக் குழுவிலும் ஸீக்ஃபெல்ட் ஃபாலீஸ் மேடையிலும் ஆடிவிட்டு வந்து, படம் வெளியாவதற்குச் சில வாரங்கள் முன்புதான் இருபது வயது முடித்த லூயிஸ் புரூக்ஸ். கதைக்குள் ஜேனி அக்காளிடமிருந்து எடுத்துக்கொண்டதை, கதைக்கு வெளியே புரூக்ஸ் பிரெண்ட்டிடமிருந்து எடுத்துக்கொண்டார் என்றே சொல்லலாம். பார்க்கும் நாமும் அதற்கு உடந்தை. உழைத்தவளை மதிக்கிறோம், ஆடியவளைப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். இதில் இன்னொரு முடிச்சும் உண்டு: 1929 மறுபதிப்பை இயக்கிய எட்வர்ட் சதர்லேண்ட், 1926-இல் புரூக்ஸைக் கல்யாணம் செய்து 1928-இல் விவாகரத்து ஆனவர். (மேலே சொன்ன நீதிபதிக்கும் இவருக்கும் பெயர்ப் பொருத்தம் மட்டும்தான்.)

*

மறுபதிப்பு எடுக்கும்போது புரூக்ஸ் எங்கே இருந்தார்? பாரமவுண்ட்டோடு சம்பளத் தகராறு ஏற்பட்டு 1928-இலேயே வேலையை உதறிவிட்டு பெர்லினுக்குக் கப்பலேறியிருந்தார். அங்கே ஜி. டபிள்யூ. பாப்ஸ்ட் என்ற இயக்குநர் ‘பண்டோராவின் பெட்டி’ கதைக்கு லூலு என்ற பெண்ணைத் தேடிக்கொண்டிருந்தார். அந்தப் படம் 1929 பிப்ரவரியில் பெர்லினில் திரைக்கு வந்தது.

அதே கறுப்புக் கிராப், அதே கவலையற்ற சிரிப்பு, அதே ஆட்டம். ஆனால் லூலுவுக்குக் கணக்குத் தீர்க்க ஓர் அக்காள் இல்லை. படத்தின் கடைசியில், லண்டன் மாடி அறை ஒன்றில், கிறிஸ்துமஸ் இரவில், ஒரு கொலைகாரனின் கத்தி அவளுக்காகக் காத்திருக்கிறது.

நியூயார்க் சிரித்து அனுப்பிவைத்த பெண்ணை பெர்லின் ஏன் கொன்றது?

அடுத்த வாரம்.